தனிக் கார்டு

பிப்ரவரி 2, ஞாயிறு

"இனிமே தினம் போன் பண்ணி துருவேஷைத் திட்டாதீங்க. இதுல எழுதிக்கோங்க, எனக்குத் தூக்கமாவது மிஞ்சும்" என்று சொல்லி ஹெப்சி என் பெட்டியில் வைத்துவிட்ட நோட்டு இது. மனைவி சொன்னால் மறுபேச்சுப் பேசாதவன் நான். எழுதுகிறேன்.

எந்த நாட்டில் இருக்கிறேன் என்று எழுத மாட்டேன். வெளியே சொல்லக் கூடாது என்று கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள். 'குருதிக் கோமகன்' படத்துக்கு லண்டனில் இசைப்பதிவு என்று தயாரிப்பாளர் எல்லாப் பேட்டியிலும் சொல்லிவிட்டார். லண்டனுக்கு ஒதுக்கிய பணத்தை கிராபிக்ஸ் யானைகள் தின்றுவிட்டன. அதனால் பாதி விலைக்கு வாசிக்கிற இந்தக் குளிர்தேசத்தின் தேசிய சிம்பொனியிடம் வந்திருக்கிறோம். படம் வெளிவரும்வரை இதுதான் லண்டன்.

வந்திருப்பது இரண்டே பேர். இசையமைப்பாளர் துருவேஷ். அம்மா அப்பா வைத்த பெயர் துரைப்பாண்டி, முகம் பார்த்தால் இன்னும் துரைப்பாண்டிதான். அப்புறம் நான், செல்வின் தேவநேசன், அரேஞ்சர். அவன் போனில் முனகி அனுப்புவதை அறுபது பேர் வாசிக்கிற இசையாக எழுதிக் கொடுப்பது என் வேலை. முனகல் வராத வாரங்களில் முனகலையும் நானே போட்டுக்கொள்வேன். இத்தனை வருடத்தில் என் பெயர் படம் முடிந்து, விளக்கு போட்டு, துடைப்பக்காரர்கள் உள்ளே வந்தபிறகு, கேட்டரிங்குக்குக் கீழே ஓடும்.

இந்த முறை அப்படியில்லை. படத்தின் தீம் மியூசிக் என்னுடையது. கோடம்பாக்கம் ஸ்டேஷனில் மின்சார ரயிலுக்கு நின்றபோது முழுசாக, வால் தலையோடு வந்து விழுந்தது. கேட்டவன் எல்லாம் கண் கலங்கினான். துருவேஷே ஒரு பலவீனமான நேரத்தில், "அண்ணே, இதுக்கு உங்களுக்குத் தனிக் கார்டு. முதல்லயே வரும், திரை முழுக்க உங்க பேர் மட்டும்" என்றான். 'தீம் இசை: செல்வின் தேவநேசன்.' அதற்காகத்தான் இந்த வயதில் இரண்டு கம்பளிக்கால்சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். இன்று விமானத்தில், "சேர்ந்து போட்டுக்கலாம்ணே, உங்க பேரு என் பேரு" என்று ஆரம்பித்திருக்கிறான். கண்ணை மூடித் தூங்குவதுபோல இருந்துவிட்டேன்.

எலுமிச்சை ஊறுகாய் பெட்டிக்குள் கொட்டிவிட்டது. நல்ல சட்டையில்தான் கொட்டியிருக்கிறது.

பிப்ரவரி 3, திங்கள்

தேசிய சிம்பொனியின் வரலாற்றை மேலாளர் ஸ்டோயன் நடந்துகொண்டே சொன்னார். யுத்தம் முடிந்த மறுவருடம், அடுத்த வசந்தத்துக்குள் நாட்டுக்கு ஒரு சிம்பொனி இருந்தாக வேண்டும் என்று அரசாங்கம் ஆணை போட்டதாம். ராணுவ பேண்டிலிருந்து கொஞ்சம், ஓட்டல் நடனக் குழுக்களிலிருந்து கொஞ்சம், சர்க்கஸிலிருந்து இரண்டு பேர் என்று பிடித்து வந்து கோட்டு மாட்டி உட்கார வைத்தார்கள். வசந்தத்தில் வாசித்தும்விட்டார்கள். நம் ஊரில் ஒரு பேருந்து நிழற்குடைக்கே அதைவிட அதிக நாள் ஆகிறது.

நடைவழி நெடுக போட்டோக்கள். ஒவ்வொரு அதிபரும் சிம்பொனியோடு நிற்கிறார். பதவி போனவரின் படத்தைக் கழற்றிவிட்டு அந்த இடத்தில் ஒரு பூந்தொட்டி வைத்துவிடுவார்களாம். மிக நீளமான நடைவழி. மிகப் பசுமையாகவும் இருக்கிறது.

பிறகு ஆட்சியே மாறி, சம்பளம் நின்று, வயலின்காரர்கள் டாக்சி ஓட்டியிருக்கிறார்கள். காப்பாற்றியது சினிமா. அமெரிக்கத் தொடர்கள், ஜப்பானிய வீடியோ கேம், துருக்கி சீரியல், இப்போது நாம். ஆனால் ஸ்டோயன் கையில் கொடுத்த வழவழப்பான வரலாற்றுப் புத்தகத்தில் சினிமாவுக்கு ஒரே ஒரு வரி, 'பிற துறைகளுக்கும் பங்களித்துள்ளது.' சோறு போடுகிற வேலையைச் சொல்லிக்கொள்ள வெட்கம். நம் சபா வித்வான்கள் மாதிரியேதான், குல்லா மட்டும் வேறு.

ஒரே ஒரு பெரிய படம் மட்டும் தொட்டி வைக்கப்படாமல் தப்பித்திருக்கிறது. மாஸ்ட்ரோ கெர்ச், தேசிய இசையமைப்பாளர். அரசு ஸ்டூடியோ எடுத்த அத்தனை படங்களுக்கும் அவர்தான் இசை. மார்பு நிறையப் பதக்கம். செத்துப் பல வருடம் ஆகியும் படத்துக்குத் தனியாக விளக்கு எரிகிறது.

தேநீர் இடைவேளையில், வயலினுக்கு அக்கா மாதிரி இருக்கிற வயோலாவை வாசிக்கிற அம்மாள் ஒருத்தி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மிலேனா. இந்த வருடம் ஓய்வு பெறுகிறாள். ஒருகாலத்தில் கப்பல்களில் வாசித்தவள், அதனால் ஆங்கிலம் வரும். என் ஆங்கிலமும் அவள் ஆங்கிலமும் ஒரே தரம், நன்றாகப் புரிந்தது. "நீங்களா இசையமைப்பாளர்?" என்றாள். இல்லை என்றேன். "அப்படியானால் எழுதுகிறவர் நீங்கள்" என்றாள்.

பிப்ரவரி 4, செவ்வாய்

சண்டைக் காட்சிகள் பதிவு. எழுதியதை எழுதியபடி வாசிக்கிறார்கள். வடபழனியில், நான் தப்பாக எழுதினாலும் நம் ஆட்கள் பார்த்துத் திருத்தி வாசித்து, டீ வாங்கித் தரச் சொல்வார்கள். இங்கே என் தப்பையும் பயபக்தியோடு வாசித்தார்கள். துருவேஷ் காலி மேடையில் கண்டக்டரின் குச்சியை ஆட்டி இன்ஸ்டாகிராமுக்கு வீடியோ எடுத்துக்கொண்டான். குச்சியைத் தலைகீழாகப் பிடித்திருந்தான்.

சாக்ஸ் துவைத்தேன். ஹீட்டர் மேல் போட்டால் உடனே காய்கிறது. இந்த ஊரில் எனக்குப் பிடித்தது இதுதான்.

பிப்ரவரி 5, புதன்

தீம் பதிவு.

கண்டக்டர் குச்சியைத் தூக்கினார். முதல் இரண்டு பார், அதாவது இரண்டு தாளக்கட்டம், ஒழுங்காகப் போனது. மூன்றாவதில் செல்லோக்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். நான்காவதில் யாரும் தாளையே பார்க்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு வாசிக்கிறார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. இப்படி ஒரு டியூனா போட்டேன் என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே ஆறாவது பாரில் தப்பு வந்தது. நான் எழுதியது ஒரு சுரம். அவர்கள் வாசித்தது அதற்கு மேல் சுரம். ஒருவர் இருவர் இல்லை, அத்தனை பேரும், ஒரே இடத்தில், ஒரே தப்பு.

நிறுத்தச் சொல்லி, ஆறாவது பாரைப் பார்த்து வாசியுங்கள் என்றேன். மறுபடி வாசித்தார்கள். மறுபடி அதே தப்பு. எழுதியதை எழுதியபடி வாசிக்கிற ஜனங்கள்! கண்டக்டர் சிரித்துவிட்டார். "மன்னிக்க வேண்டும், கைக்குப் பழகிவிட்டது" என்றார்.

விஷயம் இதுதான். இந்த நாட்டில் ஒரு பழைய படம் இருக்கிறதாம். கடலுக்குப் போன அப்பனுக்காகக் காத்திருக்கிற மீனவச் சிறுமியின் கதை. ஒவ்வொரு புதுவருடத்துக்கும் டி.வி.யில் போடுவார்கள், குழந்தை குட்டியோடு உட்கார்ந்து அழுவார்கள். அதன் பாட்டு இது. வாசித்தது இதே சிம்பொனி, பதிவானது இதே அரங்கு. இசை, மாஸ்ட்ரோ கெர்ச்.

யார் வீட்டுப் பொருளோ, அவர்கள் வாசல் தேடி வந்து கதவைத் தட்டி விலை பேசியிருக்கிறோம்.

அறுபது பேரும் எங்கள் இருவரையும் பார்த்தார்கள். துருவேஷ் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. எல்லோர் முன்னாலும் என்னைக் கை காட்டினான். "நாட் மீ சார். ஹிஸ் டியூன்." பிறகு என்னிடம் தமிழில், "என்னண்ணே, இப்படிக் காலை வாரிட்டீங்க? கார்டு கேட்டீங்கல்ல, முழுசா நீங்களே வச்சுக்கோங்க. எனக்கும் இந்த டியூனுக்கும் சம்பந்தமே இல்ல."

"தம்பி, மூணு மாசமா பேட்டியில 'எனக்குக் கனவுல வந்துச்சு'ன்னு நீங்கதான சொன்னீங்க?"

"கனவுல வந்தது ட்ரம்ஸ் பேட்டர்ன்ணே."

மாலை

நான் திருடவில்லை. எழுதி வைக்கிறேன், பிற்காலத்தில் யாராவது படித்தால் தெரிந்துகொள்ளட்டும். இந்த நாட்டுப் படம் எதையும் நான் பார்த்ததில்லை. கல்லூரி நாட்களில் சென்னையில் ஒரு கலாச்சார மையத்தில் இவர்கள் படங்களை இலவசமாகப் போடுவார்கள், போயிருக்கிறேன். ஆனால் போனது ஏ.சி.க்காக. வெளியே மே மாத வெயில். படம் தொடங்கும் முன்பே தூங்கிவிடுவேன். தூங்குகிறவன் எப்படித் திருட முடியும்?

ஆறாவது பாரில் அவர்கள் வாசித்ததுதான் நன்றாக இருந்தது. அந்த இடத்தில் எனக்கு ஆரம்பத்திலிருந்தே ஏதோ இடித்துக்கொண்டிருந்தது. திருடியிருந்தால் அந்த இடத்தையும் சரியாகத் திருடியிருக்க மாட்டேனா?

பிப்ரவரி 6, வியாழன்

காலையில் ஸ்டோயன் பூங்கொத்தோடு வந்தார். போலீஸோடு வருவார் என்று நினைத்திருந்தேன். கையைப் பிடித்துக் குலுக்குகிறார், கண்ணில் தண்ணீர். எங்கோ இந்தியாவிலிருந்து ஒரு குழு, அவர்களுடைய மாஸ்ட்ரோவுக்கு அஞ்சலி செலுத்த இவ்வளவு தூரம் வந்திருக்கிறது என்று சிம்பொனியே பேசிக்கொள்கிறதாம். திருட்டு என்ற எண்ணம் ஒருவருக்கும் வரவில்லை. திருடியவன் பொருளைச் சொந்தக்காரனிடமே கொண்டுவந்து காட்டுவானா? அதனால் அஞ்சலியாகத்தான் இருக்க வேண்டும் என்று முடிவு செய்துவிட்டார்கள். தொலைக்காட்சியும் வருகிறது என்றார்.

துருவேஷ் பூங்கொத்தை வாங்கிக்கொண்டான்.

பேட்டியை ஓரமாக நின்று பார்த்தேன். சிறுவயதிலிருந்தே கெர்ச்சின் இசை அவன் உயிராம். அவன் தாத்தா கிராமபோனில் போடுவாராம். அவன் தாத்தா உசிலம்பட்டியில் ஆட்டு வியாபாரம் செய்தவர். கிராமபோனை ஆடு மேய்ந்திருக்கும். கெர்ச் படத்துக்கு முன் நின்று குனிந்து கும்பிட்டான். வயலின்காரர்கள் வில்லால் ஸ்டாண்டைத் தட்டினார்கள், அதுதான் அவர்கள் கைதட்டு.

"அப்ப கார்டு, தம்பி?" என்று காரில் கேட்டேன்.

"அண்ணே, இது இப்ப ட்ரிப்யூட். ட்ரிப்யூட் டைரக்டா இசையமைப்பாளர் பண்றது. நீங்க நடுவுல எப்படி வருவீங்க?"

ஞாயிற்றுக்கிழமை இருவருடையது, நேற்று என்னுடையது, இன்று அவனுடையது. வயிறு எரிகிறது. ஊறுகாயால் அல்ல.

பிப்ரவரி 7, வெள்ளி

மிலேனா வீட்டுக்குக் கூப்பிட்டாள். பழைய அடுக்குமாடி, நாலாவது மாடி, லிஃப்ட் ஓடவில்லை. சமையலறையில் உட்கார வைத்து காபி கொடுத்தாள். மூலையில் ஒரு கிழட்டு ஃபிரிட்ஜ் லாரி மாதிரி உறுமிக்கொண்டிருந்தது.

"அந்தப் பாட்டுக்கு மாஸ்ட்ரோ என் அப்பாவுக்குக் கொடுத்தது அது" என்று ஃபிரிட்ஜைக் காட்டினாள்.

எனக்குப் புரியவில்லை. அவள் சொன்னாள். அவள் அப்பா யோசிப், இதே சிம்பொனியில் இரண்டாம் வயலின் கடைசி வரிசை. கெர்ச்சுக்கு விருந்து, விழா, பதக்கம் என்று நேரமே இருக்காது. அவர் முனகுவார், யோசிப் எழுதுவார். மீனவச் சிறுமிக்கு முனகக்கூட நேரமில்லை. யோசிப்பே இந்த மேஜையில் உட்கார்ந்து எழுதினார். அப்போது மிலேனாவுக்குக் காய்ச்சல், அவளைத் தூங்க வைக்க முணுமுணுத்த பாட்டுதான் அது. படம் பெரிதாக ஓடியது, கெர்ச்சுக்கு இன்னொரு பதக்கம், யோசிப்புக்கு ஒரு ஃபிரிட்ஜ்.

"சிம்பொனியில் எல்லோருக்கும் தெரியும். யாரும் சொல்ல மாட்டார்கள். இங்கே கெர்ச் என்றால் கொடி மாதிரி. கொடியைக் கேள்வி கேட்க முடியாது" என்றாள். "அப்பா ஒவ்வொரு புதுவருடத்துக்கும் அந்தப் படம் பார்ப்பார். பெயர் வருகிற நேரத்தில் மட்டும் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போய்விடுவார்."

அழுதுவிட்டேன். வெட்கமில்லாமல் எழுதுகிறேன், அந்நிய வீட்டுச் சமையலறையில் மூக்கு ஒழுக அழுதேன். ஹெப்சியும் நானும் தியேட்டரில் கேட்டரிங்காரன் பெயர்வரை உட்கார்ந்திருப்போம், துடைப்பக்காரம்மா "எந்திரிங்க சார்" என்பாள். யோசிப் நான்தான். நான்தான் யோசிப்.

அவள் என் கையைப் பிடித்தாள். "உங்கள் ஊரில் கெர்ச்சுக்கு யாரும் பயப்படத் தேவையில்லை. பழைய ஸ்டூடியோவே இன்று இல்லை, பாட்டுக்குச் சொந்தக்காரன் என்று எவனும் வரமாட்டான். உங்கள் படத்தில் என் அப்பா பெயரைப் போடுங்கள். உலகத்தில் ஒரு இடத்தில். ஒரே ஒரு முறை."

போடுகிறேன் என்றேன். தனிக் கார்டு, முதலிலேயே, திரை முழுக்க ஒரே பெயர் என்று கையால் சதுரம் போட்டுக் காட்டினேன். நான் கொடுத்த வாக்கை மீறியதில்லை.

பிப்ரவரி 8, சனி

விமானம் தாமதம். ஹெப்சிக்குச் சாக்லேட் வாங்கினேன். விலையைக் கிழித்துவிட்டேன்.

ஜூலை 9, புதன்

ரொம்ப நாளாக எழுதவில்லை. திட்டுவதற்குப் புதிதாக ஒன்றுமில்லை.

இன்று துருவேஷ் கூப்பிட்டான். குரலில் தேன். வக்கீல் சொல்கிறாராம், கெர்ச் பெயரைப் போட்டால் நெட்டில் பையன்கள் ஐந்து நிமிடத்தில் தோண்டி எடுத்து, 'காப்பி' என்று மீம் போட்டுக் கிழித்துவிடுவார்கள். துருவேஷ் பெயரைப் போட்டாலும், என்றைக்காவது தெரிந்தால் அவன் மானம் போகும்.

"அதனால அண்ணே, கார்டு உங்களுக்குத்தான். தனிக் கார்டு. சொன்ன சொல்ல காப்பாத்துறேன் பாருங்க."

மாட்டினால் பலியாடு நான் என்பது புரியாத அளவுக்கு நான் முட்டாள் இல்லை. ஆனாலும் தனிக் கார்டு.

யோசிப் பெயரைச் சொன்னேன். கண்டிப்பாகச் சொன்னேன். அந்த நேரம் பார்த்து ஆற்காடு ரோட்டில் ஒரு தண்ணீர் லாரி போனது. "என்னண்ணே?" என்றான். "ஒண்ணுமில்ல தம்பி" என்றேன். கடவுளுக்குத் தெரியும், ஒரு தடவை சொல்லிவிட்டேன்.

யோசித்துப் பார்த்தால், அந்த ஆறாவது பாரில் என் சுரம் வேறுதானே?

ஜூலை 30, புதன்

மிலேனாவிடமிருந்து வாட்ஸ்அப். 'படத்தில் பெயர் வருகிறதா?' கட்டைவிரல் படம் ஒன்று அனுப்பினேன். கட்டைவிரலுக்கு ஆயிரம் அர்த்தம் உண்டு.

ஆகஸ்ட் 14, வியாழன்

முதல் காட்சி. ஹெப்சி பட்டுப்புடவை கட்டியிருந்தாள். தியேட்டரில் எல்லோரும் ஹீரோவுக்காக ரத்தநிற பனியன் போட்டிருந்தார்கள், நாங்கள் மட்டும் கல்யாணத்துக்கு வந்தவர்கள்போல.

இயக்குநருக்குத் தமிழ்ப்பற்று அதிகம், ஒரு ஆங்கில எழுத்துகூடத் திரையில் வரக் கூடாது என்று சொல்லிவிட்டார். சிவப்பு எழுத்து, அதிலிருந்து ரத்தம் சொட்டுகிறது. வந்தது. 'தீம் இசை: செல்வின் தேவநேசன்.' திரை முழுக்க. யாரும் எழுந்து போகவில்லை, யாரும் பெருக்கவில்லை. மூன்று நொடி இருக்கும். ஹெப்சி என் முழங்கையைக் கிள்ளினாள். மேலே அந்தப் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது, ஆறாவது பாரில் அவர்கள் வாசித்த அதே சுரத்தோடு. அதை மாற்ற எனக்கு மனம் வரவில்லை.

படம் சுமார். யானைகள் நன்றாக இருந்தன.

அக்டோபர் 12, ஞாயிறு

கோயிலில் ஆராதனை முடிந்து வந்து காபி குடிக்கும்போது மிலேனாவிடமிருந்து நீளமான செய்தி. இரண்டு மாதமாகச் சத்தமில்லாததால் விஷயம் முடிந்தது என்று நினைத்திருந்தேன்.

படம் ஓ.டி.டி.யில் வந்துவிட்டதாம். ஒத்திகை முடிந்ததும் சிம்பொனிக்காரர்கள் அத்தனை பேரையும் அரங்கில் உட்கார வைத்துத் திரையில் போட்டிருக்கிறாள். பாட்டு தொடங்கியதும் நான் சொன்ன அதே இடத்தில், திரை முழுக்க, ஒரே ஒரு பெயர் வந்ததாம். 'இதுதான் என் அப்பா' என்று எழுந்து நின்று சொன்னாளாம். முதல்முறையாக எல்லோர் முன்னாலும், சத்தமாக. ஒருவரும் மறுக்கவில்லை. ஸ்டோயனே வில்லை வாங்கி ஸ்டாண்டைத் தட்டினாராம். உங்கள் எழுத்து எவ்வளவு அழகு, அப்பாவின் பெயர் உங்கள் எழுத்தில் இவ்வளவு நீளமா என்று கேட்டிருக்கிறாள்.

கீழே இன்னும் இருந்தது. கல்லறைத் திருநாளுக்கு முன் அப்பாவின் கல்லை மாற்றுகிறாள். அவர் பெயருக்குக் கீழே, அவர் பெயரைப் போட்ட ஒரே நாட்டின் எழுத்திலும் பெயரைச் செதுக்க வேண்டும். திரையிலிருந்து எடுத்த படத்தைக் கல்தச்சனிடம் கொடுத்திருக்கிறாள். ரத்தம் சொட்டுவதில் எது எழுத்து, எது சொட்டு என்று அவனுக்குத் தெரியவில்லை. பேரனின் போனும் படித்துச் சொல்ல மறுத்துவிட்டது. கையால் தெளிவாக எழுதி அனுப்ப முடியுமா?

யோசிப் என்று தமிழில் எழுதி அனுப்பிவிடலாமா என்று நினைத்தேன். சத்தியமாக நினைத்தேன். ஆனால் மூன்றே எழுத்து. அவளிடம் திரையில் எடுத்த படம் இருக்கிறது, பக்கத்தில் வைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும். அந்த வயதில் அவளுக்கு அந்த வேதனையைக் கொடுக்க வேண்டுமா?

நோட்டேஷன் எழுதுகிற பட்டைப் பேனாவை எடுத்து, வெள்ளைத் தாளில், திரையில் இருந்த பெயரை இருந்தபடி, கொட்டை எழுத்தில் எழுதினேன். முதல் தடவை கோணலாகிவிட்டது. கல்லில் ஏறப்போகிற எழுத்து, இன்னொரு தாளில் பொறுமையாக எழுதினேன். போட்டோ எடுத்து அனுப்பினேன்.

ஹெப்சி காபித் தம்ளரை எடுக்க வந்தவள் எட்டிப் பார்த்தாள்.

"என்னங்க, உங்க பேரையே இவ்வளவு அழகா எழுதிட்டு இருக்கீங்க?"

"வெளிநாட்டுல ஒரு ரசிகை. ஆட்டோகிராஃப் கேட்டாங்க."

அவளுக்குப் பெருமை தாங்கவில்லை. கோணலான முதல் தாளை எடுத்துக்கொண்டு போய், அதில் ஒன்றும் கோணல் இல்லை என்று சொல்லி, ஹாலில் மாட்டிவிட்டாள்.